மௌனப் படத்துக்கு என் மனைவி வாசித்தது

என் மனைவி கல்யாண ஆர்கெஸ்ட்ராவில் கீபோர்டு வாசிப்பவள். ஒயரைச் சுருட்டுவதும் பிளக்கைப் பார்த்துக்கொள்வதும் என் பொறுப்பு. சினிமா பேச ஆரம்பிப்பதற்கு முன்னால் வந்த குட்டிக் குட்டிப் படங்களை அல்சூரில் ஒரு நண்பர்கள் கூட்டம் திரையிட இருந்தது. கூடவே நேரில் வாசிக்க அவளைக் கூப்பிட்டார்கள். எங்கள் குழுத் தலைவர் சிரித்தார். “பாட்டு இல்லாம நீ ஒத்தையா வாசிச்சா எவன்மா உக்காந்து கேப்பான்?” அது அவளைச் சுருக்கென்று தைத்தது. எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது, வழக்கம்போல அவர் போன பிறகு.

ஒத்திகையில் சொதப்பினாள். திரையில் யாராவது கண்ணைத் துடைத்தால் போதும், அவள் விரல் தானாக ஷெனாய் பட்டனுக்குப் போய்விடும். ஆர்கெஸ்ட்ராப் பழக்கம். காணாமல் போன குழந்தை கிடைத்துத் தாய் ஆனந்தத்தில் அழுகிறாள், இவள் இழவு வீட்டு ஷெனாயைப் போடுகிறாள். “குழந்தை உயிரோடதானே இருக்கு?” என்றேன். முறைத்தாள். அந்த வாரம் முழுக்க அடுப்படியில் செல்போனைச் சாய்த்து வைத்து அந்தத் தாயின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஞாயிறு மாலை அரங்கு நிறைந்திருந்தது. தலைவரும் முன்வரிசையில் வந்து உட்கார்ந்திருந்தார். முதல் படத்தில் ஒருவன் வழுக்கி வழுக்கி விழுந்தான். இவள் போட்ட தாளத்தில் ஜனங்கள் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்கள். அடுத்தது அந்தத் தாய். குழந்தையைப் பார்த்ததும் சிரிக்க ஆரம்பித்தாள், சிரிப்பிலேயே உதடு கோணியது. அந்த இடத்தில் இசை நின்றுவிட்டது.

எங்கள் தொழிலில் சத்தம் நின்றால் கரண்ட் போய்விட்டது என்றுதான் அர்த்தம். தவழாத குறையாக ஓடிப்போய்ப் பிளக்கை அழுத்தினேன். சரியாகத்தான் இருந்தது. நிமிர்ந்தால், கைகளை மடியில் வைத்தபடி அவள் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். “போய் உக்காருங்க” என்றாள் மெதுவாக.

அரங்கில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. பின்னால் யாரோ மூக்கை உறிஞ்சினார். தாய் கண்ணீரோடு மறுபடி சிரித்தபோது அவரும் சிரித்தார். அப்புறம்தான் இவள் ஒற்றை விரலால் ஒரு சுரத்தைத் தொட்டாள். தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

திரும்பும்போது ஆட்டோக்காரரிடம், அவர் கேட்காமலே, எல்லாவற்றையும் சொன்னேன்.

“டயலாக்கே இல்லாத படத்துல கேக்க என்ன சார் இருக்கு?” என்றார் அவர்.

“இவங்க வாசிக்காம விட்டாங்களே, அதைக் கேட்டிருக்கணும் நீங்க.”

அவள் என் தொடையில் நறுக்கென்று கிள்ளினாள். வலித்தது. இன்னொரு தடவை, இன்னும் கொஞ்சம் சத்தமாகச் சொன்னேன்.