கோப்பைக்காரர் வீட்டுப் பான்மிக்சியா

அந்தத் தெருவில் எல்லோருக்கும் அவள் தங்கச்சிதான். பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகளும் தங்கச்சி என்றார்கள், தபால்காரரும் தங்கச்சி என்றார், வயதில் சின்னவளான பக்கத்து வீட்டுத் தையல்காரியும் தங்கச்சி என்றாள். ஐம்பதைத் தாண்டிய ஒருத்தியை ஊரே தங்கச்சி என்று கூப்பிடுகிறது என்றால், அவளுடைய அண்ணன் எவ்வளவு பெரிய ஆளாக இருக்க வேண்டும் என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

அண்ணன் பெரிய ஆள்தான். அலங்கார மீன் வளர்க்கிற அத்தனை பேருக்கும் கோப்பைக்காரரைத் தெரியும். போட்டிகளில் அவர் வாங்கிய கோப்பைகள் முன்னறை அலமாரியை நிறைத்து, இடம் போதாமல் குளிர்பெட்டியின் தலையிலும் ஏறி உட்கார்ந்திருந்தன. வாங்குகிறவர் அவர், துடைக்கிறவள் இவள். மேடையில் ஒலிபெருக்கியைப் பிடித்து, பொறுமைதான் தன் ரகசியம் என்று அவர் பேசுவார். யாருடைய பொறுமை என்று யாரும் கேட்டதில்லை.

அவர் வளர்த்தது கப்பி மீன். சுண்டுவிரல் நீளம்கூட இருக்காது. முட்டை இடாது, குட்டி போடும். பெண்மீன் சாம்பல் நிறத்தில் சும்மா இருக்கும். ஆண் மட்டும் வாலை விசிறியாக விரித்துக்கொண்டு திரியும். வீட்டில் சிவப்பு வாலும் மஞ்சள் வாலும் இருந்தன, ஆனால் கோப்பை வாங்கிய மீன்களுக்கு அந்த வால் இருட்டுக்கும் நீலத்துக்கும் நடுவில் ஒரு நிறம். அந்த நிறம் தலைமுறைக்குத் தலைமுறை மாறாமல் வர வேண்டுமென்றால் ஒரு வேலையைத் தவறாமல் செய்ய வேண்டும். குட்டிகள் பருவத்துக்கு வருவதற்குள் ஆண் எது, பெண் எது என்று கண்டுபிடித்துத் தனித்தனித் தொட்டியில் போட்டுவிட வேண்டும். பிறகு நல்ல ஆணாகப் பார்த்து, அதற்கு ஏற்ற பெண்ணோடு விட வேண்டும்.

இதில் அசந்தால் போச்சு. ஒருமுறை ஆணோடு சேர்ந்த கப்பிப் பெண், அவனுடைய விந்தை வயிற்றுக்குள் மாதக்கணக்கில் பத்திரப்படுத்தி வைத்துக்கொள்ளும். பிறகு எப்பேர்ப்பட்ட ராஜாவோடு விட்டாலும், பழையவனையும் சேர்த்துத்தான் குட்டி போடும். அதனால் தங்கச்சி பின்கட்டு வளர்ப்பறையில், உள்ளங்கை அகல வலையைப் பிடித்தபடி, குனிந்த தலை நிமிராமல் முப்பது வருஷமாகப் பிரித்துக்கொண்டிருந்தாள். முதுகு வலி என்று சொல்லிக் கோப்பைக்காரர் அந்த அறைக்குள் எட்டிப் பார்ப்பதையே விட்டுவிட்டார்.

அவருக்கு ஒரு வசவு உண்டு. பான்மிக்சியா. எப்போதோ ஒரு நடுவர் வாயிலிருந்து விழுந்த சொல்லைப் பொறுக்கிக்கொண்டு வந்தவர், அதைக் கீழேயே வைக்கவில்லை. போட்டியாளர்களின் தொட்டியைப் பார்த்துவிட்டு வந்தால், “அதெல்லாம் ஒரு தொட்டியா? பான்மிக்சியா” என்பார். போகப்போக அது மீனைத் தாண்டி மனிதர்கள் மேலும் பாய்ந்தது. தையல்காரியின் மகள் தானாகவே ஒருவனைப் பார்த்துக் கட்டிக்கொண்டபோது அது பான்மிக்சியா குடும்பம் ஆயிற்று. பேருந்துக்கு நிற்கிற வரிசை கலைந்தால்கூடப் பான்மிக்சியாதான்.

தங்கச்சிக்கு அந்தச் சொல்லை வேறு விதமாகத் தெரியும். கல்லூரியில் இரண்டு வருஷம் விலங்கியல் படித்தவள். மூன்றாம் வருஷம் படிக்க விடாமல் அண்ணன் நிறுத்திவிட்டார். முதல் கோப்பை அப்போதுதான் வந்திருந்தது, வீட்டில் ஆள் வேண்டியிருந்தது. ஒரு கூட்டத்தில் எந்த ஆணும் எந்தப் பெண்ணோடும் சேர ஒரே அளவு வாய்ப்பு இருந்தால் அதற்குப் பெயர் பான்மிக்சியா என்று விரிவுரையாளர் சொல்லிக்கொடுத்திருந்தார். அழகு, நிறம், பிறந்த இடம், பக்கம், தூரம் எதுவும் குறுக்கே வராது. அது வசவும் இல்லை, பாராட்டும் இல்லை, ஓர் அளவுகோல். ஒரு கூட்டம் அந்த அளவிலிருந்து விலகியிருந்தால், எதுவோ குறுக்கே நிற்கிறது என்று அர்த்தம். மனிதர்களிடம் அது உண்டா என்று ஒரு பெண் கேட்டாள். மனிதர்களிடம் எங்கே, எப்பவும் யாராவது ஒருத்தர் குறுக்கே நிற்பார்களே என்றார் அவர். வகுப்பே சிரித்தது, தங்கச்சியும் சிரித்தாள்.

அந்தக் காலத்தில்தான் கண்ணாடிக்காரர் வீட்டுக்கு வந்துபோனார். தொட்டிகளுக்குக் கண்ணாடி வெட்டி ஒட்டுகிறவர். ஒரே தொட்டிக்கு நாலு தடவை அளவெடுக்கிற கண்ணாடிக்காரரை அவள் அதற்குமுன் பார்த்ததில்லை. நாலாவது தடவை அளவுநாடாவின் ஒரு முனையை அவள் பிடித்துக்கொண்டாள். அவ்வளவுதான் நடந்தது, ஆனால் இரண்டு பேருக்கும் அது போதுமாக இருந்தது. பெற்றோர் இல்லாத வீடு என்பதால் அவர் முறையாக அண்ணனிடமே வந்து பெண் கேட்டார். யோசித்துச் சொல்வதாக அண்ணன் அனுப்பிவைத்தார். அடுத்த வாரம் வெளியே போய்விட்டு வந்தவர், கண்ணாடிக்காரனுக்கு வேறு இடத்தில் பேசி முடித்துவிட்டார்களாம், அவன் புத்தியே அவ்வளவுதான் என்றார். தங்கச்சி வளர்ப்பறைக்குள் போய் அழுதாள். காற்று மோட்டார் போட்ட சத்தத்தில் வெளியே ஒன்றும் கேட்கவில்லை.

பிறகும் சில இடங்கள் வந்தன. ஒருத்தனுக்கு வேலை சரியில்லை, ஒருத்தனுக்கு அம்மா சரியில்லை, ஒருத்தனுக்கு எல்லாமே சரியாக இருந்ததால் அதில் ஏதோ சூது இருக்கிறது என்று அண்ணன் தட்டிவிட்டார். நடுவில் அவர் மட்டும் கல்யாணம் செய்துகொண்டார். தங்கச்சியை விட்டுக்கொடுக்காத அண்ணன் என்று தெரு மெச்சியது. தெருவுக்கு என்ன, மெச்சுகிறதற்கா பஞ்சம்.

இப்படியே போயிருக்கும். போன வருஷம் பெரிய தொட்டி ஒன்று ஒழுக ஆரம்பித்தது. கடைக்குச் சொல்லி அனுப்பினால், வேலையாட்கள் யாரும் இல்லாததால் கண்ணாடிக்காரரே பையைத் தூக்கிக்கொண்டு வந்து நின்றார். தலை முழுக்க நரைத்திருந்தது. கோப்பைக்காரர் வெளியே போயிருந்தார். கண்ணாடிக்காரர் பசையைச் சுரண்டிக்கொண்டே பிள்ளைகளைப் பற்றிச் சொன்னார், மனைவி கட்டிக்கொடுத்த சாப்பாட்டைப் பற்றிச் சொன்னார். கிளம்புகிற நேரத்தில், பழைய கதைதானே என்கிற மாதிரி, சிரித்துக்கொண்டே அதைச் சொன்னார்.

“அன்னைக்கு இஷ்டமில்லைன்னு நீங்களே ஒரு வார்த்தை சொல்லியிருந்தா, நான் பேசாம ஒதுங்கியிருப்பேன். அதுக்காக அண்ணனைத் தூது அனுப்பணுமா? பாவம், அந்த மனுஷன் என் கடையில உக்காந்து கண்ணைத் துடைச்சிக்கிட்டாரு.”

தங்கச்சி கையில் வலையோடு நின்றாள். எப்போது கல்யாணம் ஆயிற்று என்று மட்டும் கேட்டாள். அது நடந்து மூணு வருஷம் கழித்து என்றார் அவர். அவள் தலையை ஆட்டினாள். உண்மையைச் சொல்லி அந்த மனிதருடைய சாப்பாட்டுப் பாத்திரத்தில் மண்ணைப் போட அவளுக்கு மனம் வரவில்லை. வாசல் வரை போய் வழியனுப்பிவிட்டு வந்தாள்.

அழுகை வரவில்லை.  முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்த மனிதர், அதே சோற்றை இத்தனை வருஷமாக அவள் கையாலேயே பரிமாறச் சொல்லிச் சாப்பிட்டிருக்கிறார். அவள் படிப்பு, அவள் ஆசை, பெறாத பிள்ளைகள், எல்லாவற்றையும் அந்த நீல வாலுக்குத் தீனியாகப் போட்டிருக்கிறார். மன்னிப்பு என்கிற சொல் அவள் பக்கமே வரவில்லை. வந்திருந்தால் அதையும் துரத்தியிருப்பாள்.

மீன்களைக் கொன்றுவிடலாமா என்று ஒரு நாள் யோசித்தாள். சூடேற்றும் கருவியைக் கொஞ்சம் திருகிவிட்டால் போதும். ஆனால் மீன் என்ன பாவம் செய்தது? அதுவும் போக, அவை செத்தால் மீன் வளர்ப்போர் சங்கத்துக்காரர்கள் துக்கம் விசாரிக்க வருவார்கள், அண்ணனைக் கட்டிப்பிடித்துத் தேற்றுவார்கள். அந்த அனுதாபம்கூட அவருக்குக் கிடைக்கக் கூடாது என்று நினைத்தாள். அவளுக்கு வேண்டியது சாவு இல்லை, அவமானம்.

அதற்கும் வழி தானாக வந்தது. நீல வாலை ஒரு தனி வகையாக அறிவித்து, அதற்குக் கோப்பைக்காரர் பெயரையே சூட்டச் சங்கம் தீர்மானித்தது. ஒரே ஒரு நிபந்தனை. நடுவர்கள் சில மாதம் கழித்து வீட்டுக்கு வருவார்கள், அப்போது வளர்கிற தலைமுறையைப் பார்ப்பார்கள், குட்டிகள் அப்பனைப் போலவே இருக்க வேண்டும். கோப்பைக்காரருக்குத் தலைகால் புரியவில்லை. செத்த பிறகும் தன் பெயர் தண்ணீரில் நீந்தும் என்று தொலைபேசியில் எல்லோரிடமும் சொன்னார்.

தொட்டிகளை ஒட்டுமொத்தமாகக் கழுவுகிற நாள் வந்தது. அண்ணி தன் மகன் வீட்டுக்குப் போயிருந்தாள். அண்ணன் சங்கத்துக் கூட்டத்துக்குப் புறப்பட்டுப் போனார். வழக்கமாக அவள் ஒவ்வொரு வகையையும் தனி வாளியில் மாற்றிவைத்துவிட்டுத்தான் கழுவுவாள். அன்றைக்குக் கொல்லைப்புறச் சிமெண்டுத் தொட்டியை நிரப்பினாள். சிவப்பு வாலை விட்டாள், மஞ்சளை விட்டாள், வால் கோணல், நிறம் திட்டு என்று ஒதுக்கிவைத்திருந்த கழிசடைகளையும் விட்டாள். கடைசியாக நீல வால் வகைப் பெண்களின் தொட்டிக்கு வந்தபோதுதான் கை நின்றது.

அதற்குக் காரணம் அண்ணன் இல்லை. அந்த நீலம் அவளுடையது. எந்தக் குட்டியின் வாலோரத்தில் முதல் கருமை தெரிந்தது, எதை எதோடு விட்டதால் அது அடுத்த தலைமுறைக்கு இறங்கியது என்று அவளுக்கு மட்டும்தான் தெரியும். அவள் வாழ்ந்ததற்கு அடையாளமாக உலகத்தில் இருந்தது அது ஒன்றுதான். அதை அழித்தால் அவளுக்கும் ஒன்றும் மிஞ்சாது.  பிறகு, இதுவும் அவர் பெயரில்தானே போகப்போகிறது என்று நினைத்தாள். நினைத்ததும் அவற்றையும் வாளியில் அள்ளிக் கொண்டுபோய்க் கவிழ்த்தாள்.

கப்பி ஆண் வெட்கம் மானம் பார்க்கிற ஆள் இல்லை. வாலை விரித்துக்கொண்டு அத்தனை பேரும் கிளம்பிவிட்டார்கள். தங்கச்சி ஒரு முக்காலியைப் போட்டு உட்கார்ந்து பார்த்தாள். கறாராகச் சொன்னால் இது பான்மிக்சியாவே இல்லை. பெண்மீன் சும்மா இருக்காது, வாலைப் பார்க்கும், பிடிக்காதவனைக் கண்டால் விலகி ஓடும். விரிவுரையாளர் இருந்திருந்தால் மதிப்பெண் குறைத்திருப்பார். பரவாயில்லை என்று நினைத்துக்கொண்டாள். எது எதோடு போக வேண்டும் என்பதை மீன்களே பார்த்துக்கொண்டன, யாரும் குறுக்கே நிற்கவில்லை. சாயங்காலம் எல்லாவற்றையும் பிடித்து, அதது இருந்த தொட்டியில் திரும்ப விட்டாள். அண்ணன் வீடு திரும்பியபோது எல்லாம் இருந்தது இருந்தபடி இருந்தது.

சில மாதம் கழித்து நடுவர்கள் வந்தார்கள். அதுவரை கோப்பைக்காரர் வளர்ப்பறைப் பக்கம் போகவே இல்லை. தலைமை நடுவர் ஒரு நிதானமான அம்மாள். முன்னறையில் கோப்பைகளைக் காட்டி முடித்ததும், வளர்ப்பறையைப் பார்க்கலாமா என்று அந்த அம்மாள் கேட்டார். கோப்பைக்காரர் முதுகைப் பிடித்தபடி பெருமையாக முன்னால் நடந்தார்.

தொட்டியில் சிவப்புத் திட்டோடு ஒன்று, மஞ்சள் கரையோடு ஒன்று, பாதி வால் ஒன்று, புள்ளிபோட்ட சட்டையைக் கழுவிக் காயப்போட்ட மாதிரி ஒன்று. அடுத்த தொட்டியும் அப்படித்தான். நீலம் அங்கங்கே வழிதவறி வந்ததுபோல் தெரிந்தது.  தலைமை நடுவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டுக்கொண்டு பார்த்தார்.

“ஐயா, தப்பா நினைக்காதீங்க,” என்றார். “இது பான்மிக்சியா.”

மற்ற நடுவர்களில் ஒருவர் சிரிப்பை அடக்க இருமினார். அவர் தொட்டியைப் பற்றிக் கோப்பைக்காரர் ஒரு காலத்தில் அதே சொல்லைச் சொல்லியிருந்தார். இந்தச் செய்தி இன்றைக்கே சங்கம் முழுக்கப் போய்விடும் என்று தங்கச்சிக்குத் தெரிந்தது. நெஞ்சு குளிர்ந்தது. இப்படியொரு சந்தோஷம் தனக்குள் இருக்கும் என்று அவளே எதிர்பார்க்கவில்லை.

அவர்கள் போன பிறகு அண்ணன் வளர்ப்பறைக்குத் திரும்பி வந்தார். இது எப்படி நடந்தது என்று கேட்டார். நான்தான் கலந்தேன் என்றாள். ஏன் என்று கேட்டார்.

“கண்ணாடிக்காரர் வந்திருந்தாரு அண்ணா.”

அவர் முக்காலியில் உட்கார்ந்தார். மறுக்கவில்லை. உன் நல்லதுக்குத்தான் செய்தேன் என்று இன்னொரு பொய்யாவது சொல்வார் என்று அவள் காத்திருந்தாள். அவர் உண்மையைச் சொன்னார்.

“நீ போயிருந்தா இதையெல்லாம் யாரு பார்த்திருப்பா?”

பொய்யே தேவலை என்று தோன்றியது அவளுக்கு.  பிறகு அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டார். போனது போகட்டும், நாலைந்து வருஷத்தில் மீட்டுவிடலாம், அடுத்த ஈத்துக் குட்டிகள் இருக்கின்றனவே, அதில் ஆண் பெண்ணை இன்றைக்கே பிரித்துவை என்றார். திட்டவில்லை, கெஞ்சவும் இல்லை. வழக்கம்போல வேலை சொன்னார்.

தங்கச்சி வலையை அவர் கையில் வைத்தாள். “நீங்களே பிரிங்க அண்ணா. ஆணையும் பொண்ணையும் சேர விடாம பண்றதுல உங்களை மிஞ்ச ஆள் ஏது?”

அவர் அவள் முகத்தைப் பார்த்தார். வேறு வழி இல்லை என்று புரிந்ததும், முதுகைப் பிடித்துக்கொண்டு எழுந்து குட்டித் தொட்டியின் மேல் குனிந்தார். பலமுறை தவறவிட்டு, கடைசியில் ஒன்றைப் பிடித்தார். வலையோடு அதை விளக்கு வெளிச்சத்தில் தூக்கினார். இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார். அத்தனை கோப்பை வாங்கிய மனிதர் அவர்.

“இது ஆணா, பொண்ணா?” என்று கேட்டார்.

வயிற்றின் கீழே, வால் பக்கமாக ஒரு சின்னக் கருமை இருந்தது. பெண்குட்டிக்கு மட்டும் வருவது. அவள் நின்ற இடத்திலிருந்தே அது தெரிந்தது.

“தெரியலையே அண்ணா,” என்றாள்.

அவர் இன்னும் கொஞ்சம் யோசித்தார். பிறகு அதை ஆண்கள் தொட்டியில் விட்டார்.