நூற்று அறுபத்து மூன்று மீட்டர் மலை

நூற்று அறுபத்து மூன்று மீட்டர் உயரத்தை ‘மலை’ என்று சிரிக்காமல் சொல்லத் தெரிந்தால், புக்கிட் தீமாவில் என்னைப் போல நீங்களும் வழிகாட்டியாகிவிடலாம். சிங்கப்பூரில் இதைவிட உயரமான மேடு கிடையாது. கட்டடங்களைக் கணக்கில் சேர்க்காதீர்கள், அந்தப் பேச்சு எடுத்தாலே எனக்குத் தலைவலி.

உச்சியில் ஒரு சந்தேகம்

ஒரு ஞாயிற்றுக்கிழமை கப்பல் பட்டறையில் வேலை செய்யும் எட்டுப் பேர் வந்தார்கள். அதில் முருகேசன் தேனிப் பக்கம், மேற்குத் தொடர்ச்சி மலையைப் பார்த்து வளர்ந்தவர். செங்குத்தான தார்ச்சாலையில் நான் நாக்குத் தள்ள ஏறினேன். அவர் அலைபேசியில் மனைவியோடு பேசிக்கொண்டே போனார். உயரம் பொறித்த பாறைக்குப் பக்கத்தில் எல்லாரையும் நிறுத்திக் கை தட்டச் சொன்னேன். தட்டினார்கள். முருகேசன் மட்டும் மரியாதையாகக் கேட்டார்:

“அக்கா, இங்க கொஞ்சம் உக்காந்துட்டு மலைக்குப் போலாமா?”

காணாமல் போன பாதி

அடிவாரத்தில் பழைய கல்குவாரி ஒன்று இருக்கிறது. பச்சைத் தண்ணீர், சுற்றிலும் வெட்டுண்ட பாறை. இந்த மலையின் கருங்கல்லை உடைத்துத்தான் ஊருக்குச் சாலை போட்டார்கள், கடலைத் தாண்டி ஜொகூருக்குப் போகும் பாலத்துக்கும் கொண்டுபோனார்கள் என்று இன்னொரு வாரம் வந்த குழுவுக்கு விளக்கினேன். அந்தக் குழுவில், தேக்கா கடைத்தெருவில் தையல் கடை வைத்திருக்கும் ராணி அக்கா கைப்பையைக் கீழே வைத்துவிட்டார்.

“அப்ப மாசாமாசம் ஜொகூருக்குச் சாமான் வாங்கப் போறப்பெல்லாம் நான் மலை ஏறிக்கிட்டுத்தான் இருக்கேன் லா!”

அன்று அவர் மேலே வரவில்லை.

சந்திரன் அண்ணன்

சந்திரன் அண்ணன் சாங்கி விமான நிலையச் சரக்குப் பிரிவில் முப்பது வருடம் இருந்தவர். கடலைத் தூர்த்த சமதரையிலேயே நடந்து பழகிய கால்கள். இதய அறுவை சிகிச்சைக்குப் பிறகு மெல்ல மெல்ல ஏறிப் பழகலாம் என்று மருத்துவர் சொன்னாராம். மனைவி லெட்சுமி அக்கா அவர் மணிக்கட்டைப் பிடித்தபடியே வருவார். முதல் சனிக்கிழமை முதல் வளைவிலேயே அண்ணன் முகம் வெளுத்து உட்கார்ந்துவிட்டார். “இனி வேணாங்க,” என்று அக்கா அழுதேவிட்டார். ஆனாலும் அடுத்த வாரமும் வந்தார்கள். வாரத்துக்கு ஒரு விளக்குக் கம்பம் கூடுதல், அதுதான் இருவருக்கும் ஒப்பந்தம்.

பல மாதம் கழித்து ஒரு காலையில் உச்சிக்கு வந்துவிட்டார். மேலேயிருந்து சாங்கியைப் பார்க்கணும் என்பது அவருடைய ஆசை. சுற்றிச் சுற்றிப் பார்த்தார், எந்தப் பக்கமும் மரம். முன்கூட்டியே சொல்லாதது என் தப்பு. அண்ணன் முகம் சுருங்கிப்போனது. லெட்சுமி அக்கா அவர் நெற்றி வேர்வையைச் சேலைத் தலைப்பால் துடைத்தார்.

“சாங்கிதானே? நம்ம வீட்டுப் பதிமூணாவது மாடியிலேருந்தே தெரியும். ஆனா அங்க லிப்டுல போறீங்க. இங்க கால்ல வந்தீங்க.”

என் சட்டையில் ‘வழிகாட்டி’ என்று எழுதியிருக்கிறதே தவிர, பாதி நாள் மூச்சு வாங்கிக்கொண்டு கடைசியாக வருவது நான்தான்.