செபஸ்தியானின் வாளி

பங்கு மக்களே, இதை நான் கோபத்தோடுதான் சொல்கிறேன். புனித அந்தோனியாரும் கேட்டுக்கொண்டிருக்கட்டும்.

யுத்தத்தின் கடைசி வருடங்கள். உக்குவளைக்கு மேலே, தோட்டத்தில், எங்கள் லய வீடுகளுக்கெல்லாம் ஒரேயொரு தண்ணீர்ப் பைப். அதன் முன்னால் கெமராவை வைத்து விவரணப் படம் எடுத்துக்கொண்டிருந்தேன். என் வேலை அப்படித்தான். கேள்வி கேட்க மாட்டேன், நில், சிரி என்று சொல்ல மாட்டேன். சனங்கள் என்னை மறந்து தங்கள் பாட்டில் இருக்கும்வரை காத்திருப்பேன். எனக்குப் படக் கம்பெனி கிடையாது, சிபாரிசு செய்ய ஆளும் கிடையாது. சிரிக்கச் சொன்னால் கல்யாண வீடியோக்காரன், பேசாமல் இருந்தால் உளவாளி. லயத்தில் அப்படித்தான் பேசினார்கள்.

பக்கத்துக் காம்பரா வீட்டுச் செபஸ்தியான் இராணுவ முகாமில் போய்ச் சொல்லிவிட்டான். "யாருக்கு எடுக்கிறான்னு கேளுங்க சேர். வாயே தொறக்க மாட்டேங்கிறான்." என்னோடு ஒரே கோயிலில் நற்கருணை வாங்குகிறவன்!

அன்று மாலையே கெமராவோடு என்னைக் கொண்டுபோனார்கள். அந்தக் காலத்தில் கொண்டுபோனவன் திரும்புவது நிச்சயமில்லை. டேப்பை டீவியில் போட்டார்கள். பைப்புக்குப் பின்னால் ரோடு. ஓரிடத்தில் இராணுவ லொறிகள் வரிசையாகப் போகும். அது டேப்பில் இருப்பது எனக்குத் தெரியும்; அவர்கள் கண்டால் நான் உளவாளிதான். அதே இடத்தில் நல்ல பைப்படிச் சண்டையொன்று பதிவாகியிருந்ததால் அழிக்க மனம் வரவில்லை.

வஹகோட்டைக் கோயில் அந்தோனியாரிடம் மனசுக்குள் மன்றாடினேன். மன்றாடினேனா, சண்டை பிடித்தேன். கரண்டையாவது நிறுத்தும், இவர்கள் பார்க்கக் கூடாது என்றேன். கரண்ட் போகவில்லை. நாசமாய்ப் போன டீவி நன்றாகவே ஓடியது.

திரையில் பொம்பளைகள் வரிசையில் நின்றார்கள். நின்றுகொண்டே இருந்தார்கள். அதிகாரி கொட்டாவி விட்டார். பிறகு செபஸ்தியான் வந்தான். வரிசையில் முன்னால் நின்ற மேரியக்காவின் வாளியைக் காலால் தள்ளிவிட்டுத் தன் வாளியை வைத்தான். மேரியக்கா அவனுடைய வாளியாலேயே அவன் முதுகில் ஒரு போடு போட்டார். அறை முழுக்கச் சிரிப்பு. நம்மிடம் வந்து சொன்னவன் இவன்தானே என்று சிங்களத்தில் கேட்டு அதிகாரி வயிற்றைப் பிடித்துக்கொண்டார். வாளிக்குப் பின்னால் லொறிகள் ஒவ்வொன்றாகப் போயின. நான் மட்டும்தான் பார்த்தேன்.

அதிகாரி டேப்பை என் மடியில் எறிந்தார். "இதையெல்லாம் எவன் பார்ப்பான்? போ."

கரண்டை நிறுத்தச் சொன்னேன், என்னைக் காட்டிக்கொடுத்த செபஸ்தியானையே அந்தோனியார் அனுப்பினார். அதுதான் எனக்கு ஆத்திரம். ஆனாலும் உயிரோடு வீடு வந்தேன். நன்றி ஐயா, ஆயிரம் நன்றி. இன்றும் அதே வேலைதான் செய்கிறேன். இப்போது செபத்தில் இப்படிச் செய்யும், அப்படிச் செய்யும் என்று அவருக்கு உத்தரவு போடுவதில்லை. கெமராவுக்குப் பக்கத்தில் காத்திருப்பதுபோலக் காத்திருக்கிறேன். நீங்களும் நம்பிக் கேளுங்கள். எப்படி என்பதை அவரிடம் விட்டுவிடுங்கள்.

செபஸ்தியானோடு இன்றும் பேச்சில்லை. ஆனால் அந்தோனியாரின் நாளான செவ்வாய்க்கிழமைகளில் இரண்டு மெழுகுதிரி கொளுத்துகிறேன். ஒன்று அவனுக்கு. பல்லைக் கடித்துக்கொண்டுதான்.