உக்ரைன் டிவிடியில் பெண் பார்த்தார்கள்

உக்ரைனில் டாக்டருக்குப் படித்துவிட்டு வந்த நண்பன் செந்தில், டிவி, பிளேயர் ரிப்பேர் பார்க்கும் என்னை இன்று விருதுநகரில் தன் வீட்டுக்குக் கூப்பிட்டிருந்தான். அவன் கட்டிக்கொள்ள நினைக்கும் உக்ரைன் பெண் அனுப்பிய டிவிடி, வீட்டு பிளேயரில் ஓடவில்லை. வெளிநாட்டில் வாங்கிய பிளேயர்; எந்தப் பகுதி டிஸ்க் ஓடலாம் என்று பூட்டிவைக்கும் ரீஜன் கோடு ஒத்துப்போகவில்லை, அவ்வளவுதான். பத்து நிமிடத்தில் சரிசெய்தேன்.

அது ஒரு கச்சேரிப் படம். பெண்ணின் குடும்பமே மேடையேறி, தங்கள் ஊர்ப் பாட்டுகளைப் பாடுகிறது. செந்திலின் அம்மா பார்த்துச் சம்மதித்தால்தான் கல்யாணம்.

"நெறமாத்தான் இருக்கா. அதுக்கு?" என்றார் அம்மா.

அடுத்து, மேடையில் ஒரு பெண்மணியின் பெரிய போட்டோ. அதன் இருபுறமும் பூவேலை செய்த துணி மாலைபோலத் தொங்கியது. அதன் முன்னால் நின்று பெண் பாடினாள்.

"யாருலே அது?"

"அவளைப் பெத்த அம்மாதாம்மா."

"ஏலே, தாயில்லாப் பிள்ளையா? இதை மொதல்லயே சொல்றதுக்கென்ன? பாவம், கூட்டிட்டு வா. நாம இருக்கோம்லா."

முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

உக்ரைனில் உயிரோடு இருப்பவர்கள் போட்டோவுக்கும் அப்படித் துணி போடுவார்களாம். அடுத்த பாட்டே அந்தத் தாய் பாடுவதுதான். நான் ஓட்டிப் பார்த்தபோது செந்தில் காட்டியிருந்தான்.

இப்போது அவன் என்னைப் பார்த்தான். நான் ரிமோட்டை அமுக்கினேன்.

"டிஸ்க்ல கீறல்மா. இதுக்கு மேல ஓடாது."

தொழிலில் நான் சொன்ன முதல் பொய்.

வாசலில் செந்திலிடம் கேட்டேன். "கல்யாணத்துக்கு அவுக அம்மா வருவாகள்ல?"

"வராம? சித்தின்னு சொல்லிருவோம்லே."

போட்டோவில் இருந்த அதே முகத்தோடுதான் அந்தத் தாய் வந்து இறங்குவார். வேறு யோசனை இருந்தால் கீழே எழுதுங்கள். உண்மையைச் சொல்லிவிடலாம் என்பவர்கள், விருதுநகருக்கு நேரில் வந்து செந்தில் அம்மாவிடம் சொல்லவும்.