ஜெர்மன் பாட்டுக்காரர்களுக்கு மதுரையில் முடி வெட்டிய கதை

1. பஸ்ஸில் வந்த தாள்

எங்கள் பத்திரிகையின் மதுரை அலுவலகத்திலிருந்து பஸ் பார்சலில் வந்த உறையை நான் பிரித்தபோது காலை பதினொரு மணி. உள்ளே ஒரே ஒரு தாள். ஒரு ஜெர்மன் புத்தகத்தின் 311ஆம் பக்கம். அதில் ஒரு ராக் இசைக்குழுவின் புகைப்படம். ஐந்து வாலிபர்கள் ஒரு சுவருக்கு முன்னால் வரிசையாக நிற்கிறார்கள். மூன்று நாட்களுக்கு முன் நான் அதை மதுரைக்கு அனுப்பியபோது ஐந்து பேருக்கும் தோளுக்குக் கீழே தலைமுடி தொங்கியது. இப்போது ஐந்து பேரும் கிராப்பு வெட்டியிருந்தார்கள்.

வெட்டியது கத்தரிக்கோல் அல்ல, பெயின்ட். பின்னால் இருந்த சுவரின் சாம்பல் நிறத்தை அப்படியே கலந்து, முடி இருந்த இடத்தில் பூசியிருந்தார்கள். காது தெரிய வேண்டுமே என்று ஒருவருக்குக் காதும் வரைந்திருந்தார்கள். வேலை சுத்தமாக இருந்தது.

புத்தகம் என்னுடையதல்ல. அதை இரவல் கொடுத்தவர் கரையிலிருந்து ஐந்தாறு மைல் தள்ளி நின்ற ஒரு சரக்குக் கப்பலில் இருந்தார். மறுநாள்தான் கப்பல் புறப்படும் என்று சொல்லியிருந்தார்கள். கச்சான் என்னும் மேல்காற்று தணிந்ததால் சரக்கு வேகமாக இறங்குகிறது, மாலை ஐந்து மணிக்கே நங்கூரம் தூக்குகிறார்கள் என்று ஏஜென்ட் ஆபீஸிலிருந்து அன்று காலை போன் வந்திருந்தது.

2. இரண்டு புத்தகங்கள்

எழுபதுகளின் தொடக்கம் அது. தூத்துக்குடியில் புதிய துறைமுகம் கட்டி முடியவில்லை. பெரிய கப்பல்கள் வெளியே நிற்கும், தோணிகள் போய்ச் சரக்கை ஏற்றி வரும். கப்பல்காரர்கள் கரைக்கு வந்தால் உட்கார்ந்து கடிதம் எழுதவும் படிக்கவும் கடற்கரைச் சாலையில் ஒரு மாலுமிகள் மன்றம் இருந்தது. அதன் வாசகசாலையைப் பிலோமினா அக்கா பார்த்துக்கொண்டார். கணவர் கப்பலில் போய் இறந்த பிறகு அந்த வேலை கிடைத்தது. அந்தச் சம்பளத்தில்தான் அவர் குடும்பம் நடந்தது.

கப்பல்காரர்கள் விட்டுச் செல்லும் புத்தகங்களை உள்ளேயே படிக்கலாம், வெளியே எடுத்துப் போகக் கூடாது என்பது விதி. ஊர்க்காரர்களும் எடுத்துப் படிக்கட்டும் என்று அக்காதான் மன்றச் செயலாளரான பாதிரியாரிடம் கேட்டு அனுமதி வாங்கினார். வாங்கிய சில மாதங்களில் ஒரு கடல் வரைபடத் தொகுதி போனது, திரும்பவில்லை. பாதிரியார் சொன்னதை அக்காவே என்னிடம் சொன்னார்: "இன்னொண்ணு போச்சுன்னா சாவிய எம் மேசையில வச்சிட்டு வீட்டுக்குப் போயிரும்மான்னுட்டாரு தம்பி."

அப்படியிருந்தும் எனக்குக் கொடுத்தார். நான் பத்திரிகை நிருபர் என்பதால் கொடுத்தார்.

கொடுத்தது இரண்டு புத்தகங்கள். ஒன்று ஆங்கிலத்தில், மெலிந்தது, ராக் இசைக்குழுக்களைப் பற்றியது. இன்னொன்று ஜெர்மனில், தலையணை அளவு. ஜெர்மன் இசையின் வரலாறு. சர்ச் பாடல்களில் ஆரம்பித்து, ஆர்கன், அரண்மனைக் கச்சேரி, ஓபரா என்று போய், கடைசி அத்தியாயத்தில் அன்றைய ராக் குழுக்களுக்கு வந்து முடிந்தது. கப்பல் புறப்படும்வரை இருக்கட்டும் என்று இரண்டையும் அக்காவிடம் இரவலாகக் கொடுத்திருந்தவர் அந்தச் சரக்குக் கப்பலின் ரேடியோ ஆபீசர் வெர்னர். எனக்கு ஜெர்மன் தெரியாது. அவர் கரைக்கு வந்த இரண்டு பகல்களில் படங்களின் கீழே இருந்ததையும் கடைசி அத்தியாயத்தின் சாரத்தையும் ஆங்கிலத்தில் எனக்குச் சொன்னார், நான் எழுதிக்கொண்டேன்.

அவர் சொன்னதில் ஒன்று எனக்குப் பிடித்திருந்தது. போருக்குப் பிறகு பிறந்த அந்தப் பையன்களுக்கு அமெரிக்காக்காரன் பாட்டை நகல் எடுக்கவும் மனமில்லை, அப்பாக்கள் பாடிய பாட்டைப் பாடவும் மனமில்லை. அதனால் பாட்டையே விட்டுவிட்டு எந்திரத்திலிருந்து வரும் ஓசையில் ஆரம்பித்தார்கள். நம் ஊரில் மாதா கோயில் பாடற்குழுவில் பாடிவிட்டு, கல்யாண வீடுகளில் கிட்டார் வாசிக்கும் வாலிபர்கள் நிறையப் பேர். ஞாயிறு மலரில் அரைப் பக்கம் எழுதினால் படிப்பார்கள் என்று நினைத்தேன். செய்தி ஆசிரியர் ஒத்துக்கொண்டார். "படம் வேணும்பா. படமில்லாம இதை எவன் படிப்பான்?" என்றார்.

3. நாங்கள் பிளாக் செய்த விதம்

இன்றைய நிருபர்களுக்கு இதைச் சொல்ல வேண்டும். அப்போது பத்திரிகையில் ஒரு படம் வர வேண்டுமென்றால் அதைத் துத்தநாகத் தகட்டில் பிளாக்காகச் செய்ய வேண்டும். பிளாக் மேக்கரின் கேமரா முன்னால் படம் தட்டையாக நிற்க வேண்டும். தலையணைப் புத்தகத்தை அங்கே நிறுத்த முடியாது. அதனால் ஆண்டு மலரோ, அரசாங்க அறிக்கையோ, எதிலிருந்து படம் வேண்டுமானாலும் தாளை வெட்டி எடுத்து அனுப்புவோம். அரை பிளேடால் தையலை ஒட்டி ஒரே இழுப்பு. திரும்பி வந்ததும் மைதாப் பசையை மெல்லிய கோடாகத் தடவி ஒட்டி, மேலே கனமாக எதையாவது வைத்துவிட்டால் ஒரு மணி நேரத்தில் காய்ந்துவிடும். எட்டு வருடமாக அப்படித்தான் செய்து வந்தேன். யாரும் கண்டுபிடித்ததில்லை. அது தப்பு என்றும் எனக்குத் தோன்றியதில்லை.

பிளாக் எடுப்பதற்கு முன் ரீடச்சிங் என்று ஒன்று உண்டு. மங்கலான படங்களில் முகம் எடுப்பாகத் தெரிய ஓரங்களில் பெயின்ட் தொடுவார்கள். எங்கள் ரீடச்சிங் ஆர்ட்டிஸ்ட் சங்கரலிங்கம் கை தேர்ந்தவர். தாளைப் பிரித்துப் பார்த்துவிட்டு நான் மதுரைக்கு டிரங்க் கால் போட்டேன்.

"யோவ், நான் என்ன பண்ணட்டும்?" என்றார் சங்கரலிங்கம். "செய்தி ஆசிரியர் பார்த்துட்டு, குடும்பத்தோட படிக்கிற பேப்பர்ல இதென்னய்யா சாமியார் மடம் மாதிரி, முடியைக் குறைச்சுப் போடுன்னாரு. குறைச்சேன். ரெண்டாவது ஆளுக்குக் காது எப்படி இருக்கு?"

"காது நல்லாருக்கு. பெயின்ட்டை அழிக்க முடியுமா?"

"அழிச்சா முகமும் சேர்ந்து போயிரும்."

போனை வைத்துவிட்டேன்.

4. பக்கம் புரட்டும் விரல்

தாளை ஒட்டினேன். காயும் வரை காத்திருந்தேன். ஒன்றரை மணிக்குப் புத்தகங்களை வாசகசாலைக்குக் கொண்டுபோய் மேசையில் வைத்தேன். ஏஜென்டின் ஆள் மூன்று மணிக்கு வந்து வாங்கிப் போவதாக ஏற்பாடு. வெர்னர் புத்தகத்தைத் திறந்து பார்ப்பதற்குள் கப்பல் கொழும்பைத் தாண்டியிருக்கும். இதுதான் என் கணக்கு.

அக்கா ரெஜிஸ்டரை எடுத்தார். பிறகு, திரும்பி வரும் எந்தப் புத்தகத்துக்கும் செய்வது போல, கட்டைவிரலால் பக்கங்களை முதலிலிருந்து கடைசி வரை ஓட விட்டார். இப்படி ஒரு பழக்கம் அவருக்கு உண்டு என்பதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன், யோசித்ததில்லை. முந்நூற்றுப் பதினொன்றில் விரல் நின்றது. பசை தடவிய தாள் மற்றதைப் போல வளையவில்லை.

அக்கா படத்தைப் பார்த்தார். புத்தகம் வந்த அன்றே படங்களையெல்லாம் பார்த்திருந்தவர்.

"இந்தப் பையன்மாரு தலையில என்ன செஞ்சிருக்கிய?"

சொன்னேன். பிளாக், பிளேடு, சங்கரலிங்கம் எல்லாம் சொன்னேன்.

"இப்ப யாருக்கும் தெரியாதுக்கா" என்றேன். "ஊருக்குப் போய்த்தான் பாப்பாரு."

"பாப்பாருல்லா? பாத்துட்டு யார நெனப்பாரு? உங்களயா? ரெஜிஸ்டர்ல யார் பேரு கெடக்கு? தூத்துக்குடியில ஒரு பொம்பளைட்ட குடுத்தேன், இப்படிக் கெடுத்துட்டான்னு செயலாளர் சாமிக்கு ஒரு லெட்டர் போட்டார்னா எஞ் சாவி போச்சு தம்பி."

அக்கா புத்தகத்தை மூடித் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"ஏஜென்ட் ஆளு கையில குடுக்க மாட்டேன். நீங்களே போங்க. போயி அவரு மூஞ்சியப் பாத்துச் சொல்லுங்க. இந்த ரெஜிஸ்டரயும் கொண்டு போங்க. வாங்குனேன்னு அவரு கையால எழுதட்டும்."

5. கப்பலில்

ஏஜென்ட் ஆபீஸில் அனுமதிச் சீட்டு வாங்கி, கடைசிச் சரக்கை எடுக்கப் போன தோணியில் ஏறினேன். தோணியை ஓட்டிய தண்டலுக்கு அறுபது வயது இருக்கும்.

"என்னவே பேப்பர்காரரே, கப்பல்ல என்ன சோலி?"

"புஸ்தகம் குடுக்கணும் அண்ணாச்சி."

"புஸ்தகத்துக்கா இந்தக் கடல்ல வாரீரு? திரும்பயில உள்ள நோண்டி வாட்ச் எதும் கடத்திட்டு வருவீரோ?" என்றார். தோணியில் எல்லோரும் சிரித்தார்கள். "ஏலே, அவரப் பாத்துச் சிரிக்காதீங்கலே. நாளைக்கு நம்மளப் பத்தி எழுதிருவாரு."

வெர்னரை ரேடியோ அறையில் பார்த்தேன். அவருக்கும் தோள்வரை முடி. அதைப் பின்னால் ரப்பர் வளையம் போட்டுக் கட்டியிருந்தார். நான் பக்கத்தைத் திறந்து காட்டி, வெட்டியதையும் பெயின்ட் அடித்ததையும் சொன்னேன். அவர் படத்தை வெளிச்சத்தில் பிடித்து வெகுநேரம் பார்த்தார்.

"என் அப்பா இதைப் பார்த்தால் சந்தோஷப்படுவார்" என்றார். சிரிக்கவில்லை.

பிறகு புத்தகத்தின் பின்னட்டையைத் திறந்து காட்டினார். நூலக முத்திரை. புத்தகம் அவருடையதும் அல்ல, அவர் ஊர் நூலகத்துடையது. "அவர்கள் கேட்பார்கள். என்ன நடந்தது என்று உங்கள் பத்திரிகையின் தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கள்" என்றார்.

பையில் லெட்டர்ஹெட் இருந்தது. நின்றபடியே ஆங்கிலத்தில் ஆறு வரி எழுதிக் கொடுத்தேன். அவர் அக்காவின் ரெஜிஸ்டரில் எழுதினார்: இரண்டு புத்தகங்களும் கிடைத்தன. ஒரு பக்கம் பத்திரிகையால் சேதமானது. நிருபர் தாமாகவே வந்து நேர்மையாக என்னிடம் சொன்னார்.

அதைப் படித்தேன். தாமாகவே என்ற சொல்லை இரண்டாம் முறை படித்தேன். தோணிக்காரர்கள் கீழேயிருந்து கூப்பிட்டார்கள். ஒன்றும் சொல்லாமல் இறங்கிவிட்டேன்.

6. பாதிரியாரின் அறை

அன்று மாலையே ரெஜிஸ்டரை அக்காவிடம் கொடுத்தேன், வெர்னர் எழுதியதை அவர் படித்தார். ரெஜிஸ்டரில் சேதம் என்று இருந்தால் செயலாளர் பார்த்தாக வேண்டும். மறுநாள் காலை எங்கள் இருவரையும் கூப்பிட்டார். அக்கா சாவிக்கொத்தைக் கையோடு கொண்டுவந்திருந்தார். பாதிரியார் கேட்கும் முன்பே அதை மேசையில் வைத்தார்.

பாதிரியார் வெர்னர் எழுதியதைப் படித்துவிட்டு என்னிடம் திரும்பினார்.

"நீங்க செஞ்சது தப்புதான். ஆனா கடல்ல போயி நீங்களா ஒத்துக்கிட்டீங்க பாருங்க, அதை நான் மதிக்கிறேன்." பிறகு அக்காவிடம், "உன்னத்தான் என்ன சொல்லன்னு தெரியல பிலோமினா. கவனமா இருன்னு எத்தன தடவ சொன்னேன்? திரும்பி வந்த புஸ்தகத்தப் பிரிச்சுப் பாக்கக்கூட உனக்கு நேரமில்லியா?"

அக்கா சாவியைப் பார்த்துக்கொண்டு நின்றார். என் பக்கம் திரும்பவே இல்லை.

செய்தியில் ஒரு வரி விடுபட்டால் அது எங்கே விடுபட்டது என்று எனக்கு உடனே தெரியும். அது என் தொழில். இங்கே விடுபட்ட வரி என்னிடம்தான் இருந்தது.

"சாமி, நானா ஒத்துக்கிடல. பக்கத்த ஒட்டி மறைச்சுக் கொண்டுவந்து குடுத்தேன். அவங்கதான் புரட்டிப் பாத்துக் கண்டுபிடிச்சாங்க. கப்பலுக்குப் போன்னு அனுப்பினதும் அவங்கதான்."

பாதிரியார் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். "அப்போ இதுல இப்படி எழுதிருக்கே?"

"அவரு அப்படி நெனச்சுட்டாரு. நான் திருத்தல."

பாதிரியார் பேனாவை என்னிடம் நீட்டி ரெஜிஸ்டரைத் திருப்பி வைத்தார். வெர்னரின் வரிக்குக் கீழே, சேதத்தைக் கண்டுபிடித்தவர் பிலோமினா என்று தமிழில் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். பாதிரியார் சாவிக்கொத்தை அக்காவின் பக்கம் தள்ளினார். "போம்மா, திறக்குற நேரமாச்சு" என்றார்.

படியிறங்கும்போது அக்கா சொன்னார்: "இதக் கப்பல்லயே சொல்லியிருந்தா நேத்து ராத்திரி நான் தூங்கியிருப்பேன் தம்பி."

கட்டுரை அந்த ஞாயிற்றுக்கிழமை வந்தது. கிராப்பு வெட்டிய ஐந்து ஜெர்மானியர்களும் வந்தார்கள். பத்திரிகையின் பெயரில் கடிதம் கொடுத்ததற்காகச் செய்தி ஆசிரியர் என்னைப் பத்து நிமிடம் திட்டினார். அக்கா அதன் பிறகு எனக்குப் புத்தகம் வெளியே கொடுக்கவில்லை. "இங்கன உக்காந்து படிங்க" என்று ஜன்னலோர நாற்காலியைக் காட்டுவார். நானும் உட்கார்ந்து படித்தேன்.

பிழை செய்யாத நிருபர் இல்லை. திருத்தம் போடுவதும் எல்லோருக்கும் தெரிந்த வேலைதான். நான் கற்றுக்கொண்டது அதற்கு அடுத்த வரியை. நம் பிழையை நாமே கண்டுபிடித்தது போல எழுதும்போது, உண்மையில் கண்டுபிடித்தவர் எங்கேயோ ஒரு மேசை முன்னால் தலைகுனிந்து நிற்கக்கூடும். பின்னாளில் நான் துணையாசிரியராக இருந்த வருடங்களில் எங்கள் பக்கத்தில் வந்த திருத்தங்கள் எல்லாவற்றிலும், பிழையைச் சுட்டிக்காட்டியவர் பெயரைச் சேர்த்தே போட்டோம். அதற்கு இடமில்லை என்று அச்சுக்கூடப் போர்மேன் சொன்ன நாட்களில் செய்தியில் ஒரு வரி குறைத்தேன்.