நாகராசு துடுப்பு சுமந்த தூரம்

நாகராசு வீட்டு கேட்டைச் சுரண்டிக்கொண்டிருந்தான். கப்பலைவிட்டு வந்த ஐந்து மாதத்தில் இது மூன்றாவது தடவை. துரு என்று ஒரு பொட்டு கிடையாது. போன மாதம் அடித்த பெயிண்ட் இன்னும் பளபளவென்றுதான் இருந்தது. ஆனால் இருபத்தெட்டு வருசம் கப்பல் டெக்கில் துருவைச் சுரண்டிச் சுரண்டிப் பெயிண்ட் அடித்த கை அது. சும்மா கிட என்றால் கிடக்கத் தெரியவில்லை.

"கேட்டு தேஞ்சே போயிரும் போல. நெல் தள்ளுற பலகைக்குக் காம்பு ஒடிஞ்சு ரெண்டு வாரமாச்சு, அதப் பாக்க ஒங்களுக்கு நேரமில்ல," என்றாள் அவன் மனைவி செவந்தி. அவள் கையில் நெல் காயப்போடும் தார்ப்பாய் இருந்தது.

மணமேல்குடிக்கு மேற்கே ஐந்து கிலோமீட்டரில் விவசாயக் குடும்பத்தில் பிறந்தவன் நாகராசு. சொந்தத்தில் ஒருத்தரும் கடலில் கால் நனைத்தவர்கள் இல்லை. மீனவப் பிள்ளைகளோடு பெஞ்சில் உட்கார்ந்து படித்ததில் ஒட்டிக்கொண்டதோ என்னவோ, இருபத்துநாலு வயசில் மும்பைக்குப் போய், ஏஜெண்டு வாசலில் ஆறு மாதம் தவம் கிடந்து, சரக்குக் கப்பல் ஏறிவிட்டான். ஏறினால் ஒன்பது மாதம், இறங்கினால் மூன்று மாதம், மிஞ்சினால் ஐந்து. கப்பலில் இருக்கும்போது வீடு வேண்டும். வீட்டுக்கு வந்தால் கப்பல் வேண்டும். இந்தப் பீடைக்கு என்ன பெயர் என்று அவனுக்கே தெரியாது. மகள் ரஞ்சிதா பிறந்தபோது பிரேசிலில் சோயா ஏற்றிக்கொண்டிருந்தான். அவள் கல்யாணத்துக்கு வந்து நின்றான். நின்ற மறுவாரமே கிளம்பிவிட்டான். ஒவ்வொரு தடவையும் "இதுதான் கடைசி" என்றுதான் போனான். பொய் என்று சொல்லிவிட முடியாது. சொல்லும்போது நம்பித்தான் சொன்னான், பாவம்.

செவந்தி அன்னவாசல் பக்கத்துப் பெண், மானாவாரி பூமி. இவ்வளவு பக்கத்தில் கடல் இருந்தும் அந்தத் திசையில் தலைவைத்துப் படுக்கமாட்டாள். உப்புக்காற்று ஒத்துக்கொள்ளாதாக்கும் என்று நாகராசு நினைத்துக்கொண்டான். கேட்டதில்லை.

அந்தச் சனிக்கிழமை, கேட்டைச் சுரண்டிக்கொண்டிருக்கும்போதே ஏஜெண்டு பிரவீன்குமார் கூப்பிட்டான். "அண்ணே, சிங்கப்பூர்ல ஏறணும். ஒம்பது மாசம். நாளைக்கு ஆறு மணிக்குள்ள சொல்லிருங்க, இல்லன்னா வேற ஆளப் போட்டுருவாங்க."

செவந்தி காதில் விழுந்தது. அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் நாகராசு பயந்திருக்க மாட்டான்.

"போறதா இருந்தா போங்க. பெட்டி நான் அடுக்க மாட்டேன். நீங்க பஸ் ஏறுற அன்னைக்கே நானும் ஏறிருவேன், எங்க ஊருக்கு. அப்பறம் இங்கிட்டு வரமாட்டேன்."

ஒரு விஷயத்தை இரண்டு தடவை சொல்கிறவள் இல்லை அவள். நாகராசுக்கு அது தெரியும். போகவில்லை என்று சொல்லிவிடத்தான் நினைத்தான். வாய் வரவில்லை. மனசு இங்கே இருக்கிறது, கால் இங்கே நிற்கவில்லையே, என்ன செய்வது?

அப்போதுதான் யானிஸ் சொன்ன கதை ஞாபகத்துக்கு வந்தது.

யானிஸ் ஒரு கிரேக்கத் தீவுக்காரன், கப்பலில் டெக் ஆட்களுக்குத் தலைவன். வேலை முடிந்து காபியோடு உட்கார்ந்தால் அவன் நாட்டுச் சாமி கதைகளை அவிழ்த்துவிடுவான். ஊரில் ஒரு பெண்ணையும் விட்டுவைக்காத பெரிய சாமி சியூஸ் கதை என்றால் மற்றவர்களுக்குக் கொண்டாட்டம். நாகராசுக்குப் பிடித்தது ஒடிசியஸ் கதை. பத்து வருசம் சண்டை, அப்புறம் பத்து வருசம் கடலில் அலைச்சல். கடல்சாமி பொசைடனின் ஒற்றைக்கண் மகனைக் குருடாக்கிவிட்டான், அந்தக் கோபத்தில் சாமி இவனை வீடு சேரவிடாமல் அலைக்கழித்தது. இருபது வருசம் கழித்து வீடு சேர்ந்தான். அதோடு கதை முடிந்தது என்றுதான் எல்லோரும் நினைப்பார்கள். இல்லை. செத்துப்போன குறிகாரன் ஒருத்தன் ஏற்கெனவே அவனிடம் சொல்லியிருந்தான்: வீடு சேர்ந்தால் மட்டும் போதாது. ஒரு துடுப்பைத் தோளில் வைத்துக்கொண்டு கடலுக்கு முதுகைக் காட்டி நட. கடலையே அறியாத ஆள் ஒருத்தர் எதிரில் வந்து, "இதென்ன, தானியம் தூற்றுகிற பலகையா?" என்று கேட்கும் இடத்தில் அதை நட்டு, கடல்சாமிக்குக் கெடா வெட்டு. அதற்கப்புறம் கடல் உன்னைக் கூப்பிடாது. கிழவனாகி உன் ஜனங்களுக்கு நடுவில் சாவாய்.

கேட்டவர்கள் சிரித்தார்கள். நாகராசு சிரிக்கவில்லை. தோளில் ஒரு சுமை, நடை, கடைசியில் கெடா. இது நேர்த்திக்கடன் அல்லாமல் வேறென்ன?

ஞாயிறு விடிந்ததும் கடற்கரைக்குப் போய், கூடப் படித்த பிராங்க்ளினிடம் பழைய துடுப்பு ஒன்று கேட்டான்.

"இப்ப எல்லாம் எஞ்சினு படகுதான் மாப்ள, இத வச்சு என்னடா பண்ணப்போற?"

"வேண்டுதல்."

அதற்கு மேல் பிராங்க்ளின் கேட்கவில்லை. செவந்தியிடமும் போனில் அதே பதில்தான்: "ஒரு வேண்டுதலு. சாயங்காலம் வந்துர்றேன்."

அறந்தாங்கி பஸ்ஸில் ஏறும்போதே கண்டக்டர் கத்தினார். "அண்ணே, துடுப்பப் படுக்கப் போடுங்க, யாரு கண்ணையாச்சும் குத்திறப்போகுது!" சரி, கடற்கரை பஸ், தெரியாமல் இருக்குமா என்று நாகராசு தன்னைத் தேற்றிக்கொண்டான். அறந்தாங்கி பஸ் ஸ்டாண்டில் கொய்யாப்பழம் விற்கிறவள், "மீன் வரத்து எப்புடிண்ணே?" என்றாள். புதுக்கோட்டையில் இரண்டு காலேஜ் பெண்கள் படகுப் போட்டியா என்று கேட்டுவிட்டு, பதிலுக்கு நிற்காமல் படம் எடுத்துக்கொண்டு போனார்கள். இலுப்பூரில் இறங்கி மேற்கே நடந்தான். வெயில் மண்டையைப் பிளந்தது. வயல்வேலைப் பெண்கள் புளியமரத்தடியில் உட்கார்ந்து, "எந்தக் கோயிலுக்குண்ணே துடுப்புக் காணிக்கை?" என்று விசாரித்தார்கள். ஆடு மேய்த்த பெரியவர், "எம்பேரன் செல்லுல காட்டிருக்கான். ரெண்டு பக்கமும் தள்ளுனா படகு ஓடும்," என்று நாகராசுக்கே பாடம் எடுத்தார்.

நாகராசுக்கு எரிச்சல் மூண்டது. அவன் வருவதற்கு முன்பே கடல் ஊர் ஊராக வந்து உட்கார்ந்திருந்தது, செல்போனுக்குள்ளே. நடுவில் பிரவீன்குமார் நாலு தடவை கூப்பிட்டுவிட்டான்.

அடுத்த வளைவில் ரோட்டில் நெல் காய்ந்தது. ஒரு ஆள் கையில் பலகையோடு நெல்லைத் தள்ளிக்கொண்டிருந்தார். அச்சு அசல் கதையில் வருகிற மாதிரியே. நாகராசு நடையை எட்டிப் போட்டான். வேண்டுமென்றே அவர் எதிரில் போய்த் துடுப்பை நிமிர்த்திக்கொண்டு நின்றான். அவர் தன் பலகையைப் பார்த்தார், துடுப்பைப் பார்த்தார். துடுப்பைத் தட்டிப் பார்த்தார்.

"துடுப்பு நல்லாருக்கே. வேங்க மரமா? எம்மவனும் கப்பல்லதான் இருக்கான்."

நாகராசு அங்கிருந்தே இலுப்பூருக்குத் திரும்பி நடந்தான். திரும்பும் பஸ்ஸில் துடுப்பை மடியில் சாய்த்துக்கொண்டு முடிவுக்கு வந்துவிட்டான். கடல் விடாது. போய்த்தான் ஆகவேண்டும். பிரவீன்குமாரிடம் சொல்லிவிட்டு, செவந்தி காலில் விழவேண்டியதுதான்.

வீட்டுக்கு வரும்போது மணி ஐந்தரை. கிழக்கே வானம் கறுத்துக்கொண்டு வந்தது. வாசலில் தார்ப்பாய் நிறைய நெல். செவந்தி ஒடிந்த பலகையைக் குனிந்து பிடித்துக்கொண்டு, இடுப்பு ஒடிய நெல்லைக் குவித்துக்கொண்டிருந்தாள். நாலு தூறல் விழுந்தது.

"எங்க போனீங்க? குடுங்க அத!" அவன் தோளிலிருந்து துடுப்பை வெடுக்கென்று பிடுங்கி, நெல்லில் போட்டுத் தள்ளினாள். இரண்டு தள்ளில் ஒரு குவியல் சேர்ந்தது. "அன்னைக்கு இதப் பாத்து, நெல்லு தள்ளுற பலகையான்னு கேட்டதுக்கு எல்லாரும் விழுந்து விழுந்து சிரிச்சீங்கள்ல? இப்பப் பாருங்க."

நாகராசுக்கு விளங்க ஒரு நிமிசம் பிடித்தது.

கல்யாணமான மூன்றாம் நாள். புதுப்பெண்ணுக்குக் கடல் காட்டக் கூட்டிப்போயிருந்தான். கரையில் சாய்த்துவைத்திருந்த துடுப்பைத் தொட்டு அவள் ஏதோ கேட்டாள். பிராங்க்ளினும் கூட்டாளிகளும் மணலில் உருண்டு சிரித்தார்கள். இவனும் சிரித்தான். எல்லோரையும்விட அதிகமாகச் சிரித்தது இவன்தான்.

"அதுலேருந்துதான் நீ கடக்கரைக்கு வாறதில்லயா?"

"பின்ன? திரும்பப் போயி சிரிப்பாச் சிரிக்கச் சொல்றீங்களா?" செவந்தி நிமிரவே இல்லை. "பேசாம சாக்கு எடுத்தாங்க, நனையப்போகுது."

இருபத்தாறு வருசம். ஒரு நாள் முழுக்க ஜில்லாவின் மேற்கு மூலை வரை சுமந்துபோய்த் தேடிய ஆள் தன் வாசலில் நெல் தள்ளிக்கொண்டிருக்கிறாள். நாகராசுக்குத் தன்னை நினைத்து வெட்கமாக இருந்தது. அவளை நினைத்து அழுகை வந்தது.

செல்போன் அடித்தது. "அண்ணே, ஆறு மணியாச்சு. டிக்கெட் போட்டுறவா?"

"வேண்டாம் தம்பி. வேற ஆளப் பாருங்க. நான் இனிமே வரல." வார்த்தை தன்னால் வந்துவிட்டது.

செவந்தியின் கை ஒரு கணம் நின்றது. பிறகு நெல்லைத் தள்ளியது.

நெல் மூட்டையெல்லாம் உள்ளே போனதும், தூறலிலேயே கடப்பாரையை எடுத்துக் கேட்டுப் பக்கத்தில் குழி பறித்தான் நாகராசு. பறித்துக்கொண்டே ஒடிசியஸ் கதை முழுவதையும் சொன்னான். அவள் நனைந்த முந்தானையைப் பிழிந்தபடி கேட்டாள்.

"அவ்வளவு வருசம் கழிச்சு வந்து, மறுபடியும் கெளம்பணும்னானே, அதுக்கு அவன் பொண்டாட்டி என்ன சொன்னா?"

"அத யானிஸ் சொல்லல."

"சொல்லமாட்டானுக."

துடுப்பை நட்டு மண்ணை மிதித்தான். அந்த நேரத்தில் கெடாவுக்கு வழியில்லை, அதற்குப் பதில் வீட்டுச் சேவலை அறுக்கச் செவந்தி சம்மதித்தாள். பிறகு கிட்டே வந்து, அன்றைக்குத் தொட்ட மாதிரியே அந்தக் கட்டையைத் தொட்டாள்.

"அன்னைக்கு எல்லாரும் சிரிச்சீங்களே ஒழிய, இது எதுக்குன்னு ஒருத்தரும் சொல்லல. இப்பவாச்சும் சொல்லுங்க."

நாகராசு கையில் ஒட்டிய மண்ணை வேட்டியில் துடைத்துக்கொண்டு, முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தான்.