நாவல்பழம் விழுந்த பூசை வைன்

திராட்சைப்பழத்தை எங்கள் பக்கத்தில் முந்திரிகை என்றுதான் சொல்லுவோம். காய்ந்து சுருங்கி பக்கற்றில் வருவது முந்திரிகை வத்தல். அந்த வத்தலில் என் கையால் வைன் போட்டு, எங்கள் கோயிலில் திரும்பவும் வைக்கிற முதல் பூசைக்குக் கொடுக்கிறேன் என்று மாதாவுக்கு நேர்ந்திருந்தேன். நேர்ந்தது என் மனுசனுக்காக.

அது நாங்கள் சண்டையால் முசலிப் பக்கத்துக் கடற்கரையை விட்டு வெளிக்கிட்டு, மன்னார்த் தீவில் சொந்தக்காரரின் வளவுக்குள் கொட்டில் போட்டு இருந்த காலம். ஒருநாள் காலமை ஆமிக்காரர் விசாரணை என்று சொல்லி இவரை முகாமுக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள். பின்னேரம் விட்டுவிடுவோம் என்றார்கள். ஒரு மாரி முடிந்து அடுத்த மாரியும் வந்தது. எங்களோடு இருந்த பெண்கள் எல்லோரும் தங்கள் தங்கள் ஆட்களுக்காக மெழுகுதிரிதான் நேர்ந்தார்கள். அவ்வளவு மெழுகுதிரிக்குள் என்னுடையதை மாதா எப்படிக் கண்டுபிடிப்பா என்று எனக்கு ஒரே யோசனை. கலியாணத்துக்கு முதல் நான் கன்னியர் மடத்துக் குசினியில் வேலை செய்தனான். அங்கே பெரிய சிஸ்ரர் வருசா வருசம் வைன் போடுவா. கிண்டுகிறது என் வேலை. வேறு ஒருத்திக்கும் தெரியாத வேலை எனக்கு அது ஒன்றுதான் தெரியும். அதனால் அதை நேர்ந்தேன்.

இவர் வந்தார். எலும்பும் தோலுமாக என்றாலும் வந்தார். ஊருக்குப் போகலாம் என்று விட்டபோது இரண்டு பேருமாகத்தான் பஸ் ஏறினோம். தகரக் கொட்டில் போட்டோம், கிணறு இறைத்தோம். எல்லாம் செய்தார். கடலுக்குள் மட்டும் கால் வைக்கமாட்டார். பதினாலு வயதிலிருந்து கடலில் கிடந்த மனுசன், கரையில் இருந்து மற்றவர்களின் கிழிந்த வலையைப் பொத்திக் கொடுப்பார். அலை வந்து காலில் முட்டப்போனால் எழும்பித் தள்ளி இருப்பார். கூப்பிடுகிறவர்களுக்குக் கால் நோகுது என்று சொல்லுவார். காலில் ஒன்றும் இல்லை, எனக்குத் தெரியும். என் நேர்த்தி பாதியில் நிற்கிறது, அதனால்தான் மாதாவும் மனுசனைப் பாதியாகத் தந்து வைத்திருக்கிறா என்றே நினைத்தேன். நேர்த்தியை முடித்தால் மற்றப் பாதியும் வரும்.

கோயில் சுவர் மட்டும் மிஞ்சியிருந்தது. ஆட்கள் சேர்ந்து தகரம் போட்டு, திருநாள் அன்றைக்கு முதல் பூசை என்று தீர்மானித்தார்கள். அதற்கு இரண்டு மாதம் இருந்தது. பூசை வைக்கிற சுவாமியாரோடு நேரே கதைக்கிற துணிவு எனக்கு இல்லை. கோயில் மூப்பரின் மனுசியிடம் சொன்னேன். அவ மூப்பருக்குச் சொல்லி, மூப்பர் சுவாமிக்குச் சொல்லி, “கொண்டுவரச் சொல்லுங்கோ” என்ற மறுமொழி அதே வழியால் திரும்பி வந்தது. வைன் பீடத்துக்கா, அல்லது சும்மா கொண்டுவரவா என்று நானும் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை.

வத்தல் வாங்க முருங்கன் சந்திக் கடைக்குப் போனேன். நத்தார்ப் பண்டிகைக்குக் கேக் போடுகிற நேரம்தான் எடுப்போம் என்று கடைக்காரர் சொன்னார். தட்டைத் துழாவி மூன்று சின்னப் பக்கற்று எடுத்துத் தந்தார். வீட்டுக்கு வந்து கழுவி, துவாயில் உலர்த்தி, கத்தியால் கீறி, ஊறுகாய்ச் சாடிக்குள் போட்டேன். கொதித்து ஆறின தண்ணீரும் சீனியும் ஈஸ்ட்டும் விட்டு எட்டிப் பார்த்தால், அடியில் கொஞ்ச வத்தல் கிடக்கிறது, மேலே முழுக்கத் தண்ணீர். மடத்துச் சாடி இப்படி இருந்ததில்லையே என்று ஒரு கலக்கம்.

மூன்றாம் நாள் இவர் வயல் பக்கம் போய்விட்டு, சாரத்தை மடித்துக் கட்டின மடிக்குள் நாவல்பழம் கொண்டுவந்தார். முகாமிலிருந்து வந்த பிறகு அவராக வீட்டுக்குக் கொண்டுவந்த முதல் சாமான் அது. சாடிக்குப் பக்கத்தில் சுளகில் கொட்டிவிட்டுக் கைகழுவப் போனார். சாடிக்குப் பக்கத்தில் கொட்டினால் என்ன கருத்து? நான் இரண்டு மனதாக நின்றேன். மடத்துச் சாடியில் நாவல்பழம் மிதந்ததும், கிண்டினால் என் கை ஊதா நிறமாவதும், சிஸ்ரர் அதற்குப் பேசுவதும் தெளிவாக ஞாபகம் வந்தது. அப்படியென்றால் போடலாம்தானே. கொட்டை எடுத்துப் பிசைந்து முழுவதையும் போட்டேன்.

சாடிக்குத் துணி கட்டி, ஒவ்வொரு நாளும் அகப்பைக் காம்பால் கிண்டினேன். நுரைத்தது, சத்தம் போட்டது, பிறகு அடங்கியது. மூன்று கிழமையால் வடித்துப் போத்தலில் அடைத்தேன். கறுத்த ஊதா. வடித்த துணியை எத்தனை தரம் தோய்த்தும் கறை போகவில்லை. எனக்கு நல்ல சந்தோசம்.

திருநாளுக்கு முதல்நாள் பின்னேரம் மூப்பரின் மனுசி போத்தலை எடுத்துப்போக வந்தா. வெயிலுக்குப் பிடித்துப் பார்த்தா.

“இதென்னடியப்பா, மை மாதிரிக் கிடக்கு. பூசை வைன் தேத்தண்ணி நிறமெல்லோ.”

அவ பகிடியாகத்தான் சொன்னவ. போத்தலையும் கொண்டு போய்விட்டா. நான் அடுப்படியில் போய்க் குந்தினேன். தேத்தண்ணி நிறம். ஓம். மடத்தில் சாடி இரண்டு இருந்தது. சிவப்புத் துணி கட்டினது நத்தாருக்கு வருகிற ஆட்களுக்கு. அதற்குள் அன்னாசியும் நாவலும் கறுவாவும் எது கிடைத்தாலும் போடுவோம். வெள்ளைத் துணி கட்டினது பீடத்துக்கு. அதற்குள் முந்திரிகை வத்தல் மட்டும். மற்றச் சாடியைக் கிண்டின கையைக் கழுவாமல் அதைத் தொடச் சிஸ்ரர் விடமாட்டா. வேறு பழம் விழுந்தால் அது பூசைக்கு ஆகாது, அதில் வைத்தால் பூசையே பூசை இல்லை என்று சிஸ்ரர் சொல்லுவா. இத்தனை வருசத்தில் என் தலைக்குள் இரண்டு சாடியும் ஒன்றாகக் கலந்து போயிருந்தது.

இவரிடம் சொன்னேன். நீங்கள் கொண்டுவந்து போடச் சொன்ன பழம் இப்படிச் செய்துபோட்டுது என்றேன்.

“நான் எங்க போடச் சொன்னனான்? உனக்குத் தின்னத்தானே கொண்டந்தனான்.”

ஒரு பழம்கூட நான் தின்னவில்லை. சுவாமியிடம் சொல்லவேண்டும் என்றேன்.

“கேக்காததைச் சொல்லப்படாது. கேட்டால் மட்டும் சொல்லு. கேட்டாலும் கொஞ்சமாச் சொல்லு.”

அந்த ஒரு வருசம் அவர் அதைத்தான் படித்துக்கொண்டு வந்திருக்கிறார் போல. அதற்கு மேல் அவரை நெருக்க எனக்கு மனம் வரவில்லை.

திருநாள் காலமை கோயிலுக்குப் போகிற வழி முழுக்க இதே யோசனை. சொன்னால் வைனைத் திருப்பித் தருவார், நேர்த்தி முடியாது, மனுசன் கரையிலேயே இருப்பார். சொல்லாவிட்டால் நேர்த்தி முடியும். ஆனால் ஊர் முழுவதும் இத்தனை வருசத்துக்குப் பிறகு முழங்காலில் நின்று காணப்போகிற பூசை பூசை இல்லாமல் போகும், அது எனக்கு மட்டும் தெரியும். அப்படிப் பூசை பூசையில்லை என்றால் நேர்த்தி எப்படி முடிந்ததாகும்? பாதி முந்திரிகை கிடக்கிறதே, பாதி பூசை என்று ஒன்று இருக்கோ? அஞ்சாம் வகுப்புப் படித்தவளுக்கு இது எங்கே விளங்கும். முதலாவது மணி அடித்துவிட்டார்கள்.

பீடத்துக்குப் பக்கத்தில் சாக்குத் துணி தொங்கவிட்டு மறைத்த இடத்தில் சுவாமி பூசை உடுப்புப் போட்டுக்கொண்டு நின்றார். மோட்டார் சைக்கிளில் வருகிற இளந்தாரிச் சுவாமி. பக்கத்தில் மூப்பர் என் வைனைச் சின்னக் கண்ணாடிக் குடுவையில் வார்த்து வைத்திருந்தார். நான் சுவாமியைப் பார்க்காமல் குடுவையைப் பார்த்துக்கொண்டு சொன்னேன்.

“சுவாமி, அதுக்குள்ள நாவல்பழம் கிடக்கு.”

மூப்பர் குடுவைக்குள் குனிந்து பார்த்தார், பழம் மிதக்கிறதோ என்று. சுவாமிக்கு விளங்கிவிட்டது. எவ்வளவு என்று கேட்டார். ஒரு சுளகு என்றேன். ஆர் போட்டது என்றார். நான்தான் என்றேன். அதற்கு மேல் சொல்லவில்லை.

சுவாமி தன் பையைத் திறந்து மருந்துப் போத்தல் அளவில் ஒன்றை எடுத்தார். அதற்குள் தேத்தண்ணி நிறத்தில் வைன். அவர் எப்போதும் கொண்டு திரிகிறாராம். அப்படியென்றால் நான் வாயைத் திறக்காமல் இருந்தாலும் அதைத்தான் எடுத்திருப்பாரோ? ஆனால் குடுவையில் என்னுடையதுதானே வார்த்துக் கிடந்தது? இதை நான் அவரிடம் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம்.

“அம்மா, இது நல்ல வைன்தான். பீடத்தில மட்டும் வைக்கேலாது. காணிக்கை கொண்டுவாற நேரம் நீங்களே போத்தலைக் கொண்டுவாங்கோ. ஆசீர்வதிச்சுத் தாறன்.”

இதைக் கேட்டதும் எனக்கு அழுகை வந்தது. நேர்த்திக்காக இல்லை. அவ்வளவு சனத்துக்கு நடுவால் நடக்கவேண்டுமே என்று.

நடந்தேன். கோயிலுக்கு இன்னும் நிலம் போடவில்லை, மணல்தான். சேலைத் தலைப்பால் போத்தலை மூடிக்கொண்டு போனேன். மறைத்துக்கொண்டு கொடுத்தால் காணிக்கையோ என்று நடுவழியில் சந்தேகம் வந்து தலைப்பை எடுத்துவிட்டேன். ஆம்பிளையளின் பக்கத்தில் இவர் நிற்கிறாரோ என்றும் பார்க்கவில்லை.

பூசை முடிய வேப்பமரத்தடியில் போத்தலைத் திறந்து தேத்தண்ணிக் கிளாசில் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்தார்கள். மூப்பர் இரண்டாம் தரமும் கிளாசை நீட்டி, முதல் தரம் ருசி பிடிபடவில்லை என்றார். அவரின் மனுசி, மையைக் குடித்த வாயைக் காட்டுங்கோ பாப்பம் என்று நாக்கைப் பார்த்துச் சிரித்தா. எல்லோருக்கும் நாக்கு ஊதா. இவருக்கும் ஒரு வாய் கிடைத்தது. குடித்துவிட்டு, புளிக்குது என்றார்.

சுவாமி மோட்டார் சைக்கிளை எடுக்கிற நேரம் துணிந்து பக்கத்தில் போய், என்ர நேர்த்தி முடிஞ்சுதோ சுவாமி என்று கேட்டேன். ஆருக்கு நேர்ந்தனீங்கள் என்றார். மாதாவுக்கு என்றேன். “அப்ப அவவிட்டக் கேளுங்கோ” என்று சிரித்துக்கொண்டு சொல்லிவிட்டுப் போனார். பகிடியோ, மெய்யாகவோ சொன்னவர்? நான் மெய்யாகவே கேட்டேன். ஒவ்வொரு நாளும் விளக்கு வைக்கிற நேரம் கேட்டேன். மறுமொழி வந்ததோ, வந்தும் எனக்கு விளங்கவில்லையோ தெரியாது.

இரண்டு கிழமை கழித்து ஒரு விடியக்காலமை, தேத்தண்ணி ஊற்று என்று இவர் சொன்னார். குடித்துவிட்டு, பக்கத்து வளவுக்காரரின் மீன்பிடி போட்டுக்கு ஆள் குறையுதாம் என்றார். எழும்பிக் கரைப் பக்கம் நடந்தார். நேர்த்தி முடிந்ததாலா, முடியாவிட்டாலும் மாதா மன்னித்ததாலா, அல்லது உண்மையாகவே அந்தப் போட்டுக்கு ஒரு ஆள் குறைந்ததாலா? அன்று அவரிடம் கேட்டிருந்தால், கேக்காதை என்றிருப்பார்.

பின்னால் நடந்து கரைக்குப் போனேன். இவர் சாரத்தை மடித்துக் கட்டி முழங்கால் அளவுக்கு இறங்கினார், கொஞ்சம் நின்றார், பிறகு போட்டைப் பிடித்து ஏறினார். எஞ்சின் சத்தம் தூரப் போனது. அப்போதுதான் எனக்குப் பயம் பிடித்தது. கரையில் இருந்த மனுசனைக் கடலுக்கு அனுப்பத்தானே இத்தனையும் செய்தேன், இனித் திரும்பி வரவேணுமே. மாதாவே, இவரைக் கொண்டுவந்து தாரும் என்று தொடங்கினேன். தந்தால் என்ன தருவேன் என்று சொல்லவேணும். வாய் வரவில்லை. எதை நேர்ந்தாலும் அதையும் பிழையாகச் செய்துபோடுவேன் என்று நினைத்தேன்.

ஒன்றும் நேரவில்லை. மத்தியானம் போட்டு கரைக்கு வருமட்டும் அந்த இடத்திலேயே நின்றேன்.